பங்குதாரருக்கு வந்த வாடகை

என் சோட்டுக்காரர்களே, ஒரே வயதில் என்னோடு வளர்ந்தவர்களே, உங்களில் பாதிப் பேருக்கு வயிறு முன்னால் வந்துவிட்டது. எனக்குத் தலைமுடி பின்னால் போய்விட்டது. முப்பது வாசலில் வந்து நிற்கும்போதே இவன் நினைவு எழுத உட்கார்ந்துவிட்டானே என்று நீங்கள் சிரிப்பது இங்கே கேட்கிறது. சிரியுங்கள். முகாமில் பிறந்தவர்களுக்கு வயது கொஞ்சம் முந்தியே வந்துவிடுகிறது. சீனி வருத்தம் எனக்கு இருபத்தாறில் வந்தது. டொக்டர் என் அடையாள அட்டையை இரண்டு தரம் வாங்கிப் பார்த்தார், வாப்பாவுடையதை மாற்றி எடுத்து வந்துவிட்டேனோ என்று.

இன்று எழுத வந்தது நான் பத்திரிகை முதலாளியாக இருந்த காலத்தைப் பற்றி. கலியாண வீடுகளில் சோறு வரும்வரைக்கும் உங்களுக்கு இதைப் பலமுறை சொல்லிக் காட்டியிருக்கிறேன். பன்னிரண்டு வயதில் கம்பனிப் பங்குதாரர், பொதுக்கூட்டத்தில் கதிரை, வடையும் சோடாவும் என்று. அதன் மிச்சப் பாதியை நான் ஒருபோதும் சொன்னதில்லை. அங்கேயும் ஒருவர் சிரித்துக்கொண்டுதான் இருந்தார், ஆனாலும் சொன்னதில்லை.

நம் வீடுகளில் ‘ஊர்’ என்றால் அது ஆலங்குடா இல்லை என்பது உங்களுக்குத் தெரியும். நாம் பிறந்ததும் விழுந்ததும் புத்தளப் பக்கத்து ஆலங்குடா மணலில், முகாமின் கிடுகுக் கொட்டில்களில். ஆனாலும் ஊர் என்பது மன்னார்ப் பக்கம், நாம் ஒருவரும் கண்ணால் காணாத ஓர் இடம். சண்டைக் காலத்தில் துவக்கோடு வந்தவர்கள் நம் பெற்றோரை அங்கிருந்து உடுத்த உடுப்போடு எழுப்பி அனுப்பினார்கள். காணி உறுதிப் பத்திரங்கள் அலுமாரிகளில் கிடந்தன, அலுமாரிகள் வீடுகளில் கிடந்தன, வீடுகள் பிறகு கிடக்கவில்லை.

சண்டைக் காலத்தில் ஊராட்களுக்கென்று ஒரு பேப்பர் வந்துகொண்டிருந்தது. மாதம் ஒன்று, நான்கு பக்கம், கையால் சுழற்றும் ரோனியோ மெஷினில் உருட்டியது. ஆர் மவுத்து, ஆருக்குக் கலியாணம், எந்த முகாமுக்கு எப்போது கூப்பன் அரிசி, இவ்வளவுதான் அதில் இருக்கும். நடத்தியவர் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் சித்திரம் படிப்பித்தவர். எல்லோரும் அவரை ஆசிரியர் என்றே கூப்பிட்டுப் பழகியிருந்தார்கள். பேப்பர் தொடங்கியபோது புதிதாக ஒரு பட்டம் தேட வேண்டியிருக்கவில்லை.

சண்டை முடிந்த அடுத்த வருசம் ஆசிரியர் ஒரு வேலை செய்தார். நடுப்பக்கம் இரண்டையும் சேர்த்து ஊரின் படத்தை வரைந்து போட்டார். தொட்டு எழுதும் பேனை, கறுப்பு மை, மற்றதெல்லாம் ஞாபகம். பள்ளிவாசல், குளம், குளக்கட்டு, நான்கு ஒழுங்கைகள், ஒழுங்கைக்கு இரண்டு பக்கமும் தீப்பெட்டி மாதிரி வீடுகள், ஒவ்வொரு தீப்பெட்டிக்குள்ளும் அந்த வீட்டுக்காரரின் பெயர்.

உம்மா அதைப் பாயில் விரித்து விரலால் நடந்தார். பள்ளியில் இருந்து தன் வீட்டுக்கு, தன் வீட்டில் இருந்து தோழியின் வீட்டுக்கு. ஓரிடத்தில் விரல் நின்றது. “இந்த வளைவில ஒரு கடி நாய் இருந்தது,” என்று விரலைச் சட்டென்று எடுத்துக்கொண்டார். இருபது வருசத்துக்கு முந்திய நாய் அது.

அந்த இதழ் ஒரே நாளில் முடிந்துபோனது. முந்தல் பக்கம் இறால் பண்ணைகளில் வேலை செய்த ஊராட்கள் பஸ் ஏறிப் புத்தளத்துக்கு வந்து கேட்டார்கள். கேட்டவர்களில் பாதிப் பேர் சண்டை பிடிக்க வந்தவர்கள். “ஆசிரியர், எங்கட வீட்டக் காணல்ல.” “ஆசிரியர், எங்கட கிணறு வேலிக்கு இங்கால.” அவர் எல்லாவற்றையும் சிவப்புப் பேனையால் குறித்துக்கொண்டு, அடுத்த மாதம் திருத்திய படத்தைப் போட்டார். அதுவும் முடிந்துபோனது.

படம் இருந்தால் பேப்பர் விற்கும் என்று கண்டுபிடித்தவர் ஹாஜியார். புத்தளத்தில் அரிசி மொத்த வியாபாரம் செய்தவர், அவரும் நம் ஊர்தான். எந்தச் சாமானில் எந்த இடத்தில் கை வைத்தால் வாங்குகிறவன் மறுக்கமாட்டான் என்று அவருக்குத் தெரியும். ஊராட்களைக் கூட்டிச் சொன்னார்: “இது ஒரு மனிசன்ட தலையில கிடக்கிற வேலை இல்ல. கம்பனியாப் பதிவம். பங்கு போடுவம். கிழமைக்கு ஒண்டு வரட்டும். பங்கு எடுத்தவன்ட வீடு பேரோட படத்தில வரும்.”

“எடுக்காதவன்ட வீடு?” என்று ஆசிரியர் கேட்டார்.

“எடுக்கட்டுமே.”

ஆசிரியர் தலையைச் சொறிந்தார். அந்தச் சொறிதலோடு அவருடைய எதிர்ப்பு முடிந்துவிட்டது. அவரை நான் குறை சொல்ல வரவில்லை. பதினெட்டு வருசம் தனியாக ரோனியோ உருட்டிய மனிதரிடம் போய், உங்களுக்கு ஒரு மேசை போடுகிறோம் என்றால் என்ன சொல்வார்?

மேசை மட்டுமல்ல, எல்லாம் வந்தது. புத்தளம் பஸ் நிலையத்துக்குக் கிட்ட ஒரு தையல் கடைக்கு மேலே கந்தோர். கண்ணாடி போட்ட மேசை, பன்னிரண்டு கதிரை, கொழும்பில் யாரோ கழித்துவிட்ட அச்சு மெஷின் ஒன்று. அதை மேலே ஏற்ற முடியாமல் பின் வளவில் தகரக் கூரை போட்டு வைத்தார்கள். அது ஓடத் தொடங்கினால் தையல்காரரின் ஊசி கோணலாகப் போகும். அந்த நாட்களில் தைத்த சாரம் எல்லாம் கொஞ்சம் சரிவாகத்தான் இருந்தது. மண்ணெண்ணெயும் மையும் கலந்த ஒரு மணம் படிக்கட்டில் நின்றுகொண்டே இருக்கும். கழிவுத்தாளைப் பின் வாசலில் கொட்டுவார்கள். புத்தளத்துக் கழுதைகள் வரிசையில் வந்து தின்னும். எங்கள் பேப்பரை முழுசாய்ச் சீரணித்த வாசகர்கள் அவை மட்டும்தான். கம்பனிப் பெயர் எழுதிய த்ரீவீலர் ஒன்றும் வந்தது. பெயர்ப்பலகையை ஆசிரியரே வரைந்தார், பச்சையில் வெள்ளை எழுத்து, ஒரு கட்டிலளவு பலகை.

பேப்பர் வளர வளர ஊரும் வளர்ந்தது. உண்மையான ஊரில் நாற்பது வீடுகள்தான் இருந்தன என்று பெரியவர்கள் சொல்வார்கள். படத்தில் ஐம்பது வந்தது, அறுபது வந்தது. முகாமில் பிறந்த பிள்ளைகளின் பெயரிலும் பங்கு எடுத்தார்கள். அவர்களுக்கும் தீப்பெட்டி போட வேண்டும். நான்கு ஒழுங்கை போதாமல் ஐந்தாவது ஒழுங்கை ஒன்றை ஆசிரியர் கீறினார். அப்படி ஒரு ஒழுங்கை ஊரில் ஒருபோதும் இருந்ததில்லை. ஆனால் அச்சில் வந்த மூன்றாவது கிழமையே, அந்த ஒழுங்கையில் தாங்கள் சைக்கிள் ஓடிய கதையை இரண்டு பேர் தேத்தண்ணிக் கடையில் சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

ஒரே ஓர் இடம் மட்டும் வெள்ளையாகக் கிடந்தது. குளத்துக்குக் கிழக்கே. அது பெரிய வாப்பாவின் வளவு, அவருடைய வீட்டுக் காணி. பங்கு எடுக்காததால் பெயர் எடுபட்டுப்போனது.

பெரிய வாப்பா என் வாப்பாவின் நானா, அவருக்கு மூத்தவர். மனைவி முகாமுக்கு வந்த முதல் மாரியிலேயே காய்ச்சலில் மவுத்து. பிள்ளைகள் இல்லை. கற்பிட்டிப் பக்கத்து வெங்காயத் தோட்டங்களில் கூலிக்குப் போவார். குளித்துவிட்டு வந்தாலும் அவரில் வெங்காயத் தாள் மணக்கும். என்னிடம் இருக்கிற வாய் அவருடைய வாய். முகத்தை மரக்கட்டை மாதிரி வைத்துக்கொண்டு பகிடி விடுவார். அடுத்தவர் சிரித்து முடிந்த பிறகுதான் தான் சிரிப்பார்.

வாப்பா அவரிடம் கெஞ்சிப் பார்த்தார். “நானா, ஒரு பங்கு எடுங்களேன். எல்லாரும் எடுத்தாச்சு.”

“என்ட வளவ நான் ஏன்டா காசு குடுத்து வாங்கோணும்?”

“வாங்கிறதில்ல நானா. படத்தில வாறதுக்கு.”

“படத்தில வந்தா என்ன, கத்தரி காய்க்குமா? வெள்ளையாவே கிடக்கட்டும். எனக்கு வெளிச்சம்.”

அந்தச் சமயம்தான் வாப்பா என் பெயரில் ஒரு பங்கு எடுத்தார். தன் பெயரில் ஏற்கெனவே ஒன்று இருந்தது, இது எனக்கு. ஊரைக் காணாதவனுக்கு ஊரில் ஒரு வீடு. தடித்த கடதாசியில் என் முழுப் பெயரும் போட்டு, பொன் நிறத்தில் முத்திரை குத்திச் சான்றிதழ் தந்தார்கள். அதை நான் பள்ளிக்கூடத்துக்குக் கொண்டுவந்து உங்களுக்குக் காட்டி, ஒரு கிழமை முழுக்க என் புத்தகப் பையை உங்களைக் கொண்டே தூக்குவித்தேன். மன்னித்துவிடுங்கள்.

வீடு எங்கே போடுவது என்று கேட்க ஆசிரியர் என்னைக் கந்தோருக்குக் கூப்பிட்டார். படம் மேசை நிறைய விரிந்து கிடந்தது. ஹாஜியார் பக்கத்துக் கதிரையில் இருந்து பல்லுக் குத்திக்கொண்டிருந்தார்.

“எங்க வேணும், சொல்லு முதலாளி,” என்றார் ஆசிரியர்.

நான் யோசிக்கவே இல்லை. முகாமில் நாம் குடத்தோடு நின்ற வரிசை உங்களுக்கு மறந்திருக்காது. குளத்துக்குப் பக்கத்தில் வீடு இருந்தால் வரிசையில் நிற்கத் தேவையில்லை. வெள்ளை இடத்தில் விரலை வைத்தேன். “இங்க. கிணறும் ஒண்டு போடுங்கோ.”

ஆசிரியரின் பேனை நின்றது. “அது உன்ட பெரிய வாப்பாட வளவு, மகன்.”

“அங்க ஒண்டும் இல்லையே.”

“படத்தில இல்ல.”

ஹாஜியார் பல்லுக்குத்தியை எடுத்தார். “போடுங்கோ ஆசிரியர். அந்த வெள்ளையப் பாத்துப் பாத்து ஆக்கள் கேக்கிறாங்கள், அது என்ன பள்ளமா எண்டு. வேற ஆளா, தம்பிட மகன்தானே.”

வாப்பாவும் அதையே சொன்னார். வேறு ஆள் இல்லையே, குடும்பத்துக்குள்தானே என்று. வாப்பா ஆசைக்காரர் இல்லை. அவர் கணக்கில் நானாவுக்குப் பிள்ளை இல்லை, நானாவின் வளவு கடைசியில் என்னிடம்தானே வரப்போகிறது. வரப்போவதைக் கொஞ்சம் முன்கூட்டியே எழுதினால் என்ன என்று நினைத்தார். அவ்வளவுதான்.

அடுத்த கிழமை என் பெயர் அச்சில் வந்தது. தீப்பெட்டி, பெயர், பக்கத்தில் தண்ணி இறைக்கும் துலாவோடு ஒரு சின்னக் கிணறு. பெரிய வாப்பா பேப்பரை வாங்கி, கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, முகத்துக்குக் கிட்டப் பிடித்துப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். “கிணறு சரியான இடத்திலதான் போட்டிருக்காய்,” என்றார். அவருடைய கிணறும் அந்த மூலையில்தான் இருந்ததாம்.

அவருக்கு அன்று கோபம் வரவில்லை. கோபப்பட வேண்டிய விசயம் இரண்டு மாதம் கழித்துத்தான் வந்தது. காட்டு வழியால் மன்னாருக்குப் போகும் பாதை திறந்தது. ஊருக்குத் திரும்புகிறவர்களின் காணிகளைப் பதிய ஓர் அதிகாரி வரப்போகிறார் என்று கதை வந்தது. ஒருவர் கையிலும் உறுதி இல்லை. ஹாஜியார் அதிகாரியைப் போய்க் கண்டுவிட்டு வந்து, வேறு ஒன்றும் இல்லாத பட்சத்தில் நம் படத்தைப் பார்த்துப் பதிய அவர் சம்மதித்துவிட்டார் என்றார். அன்றைக்குப் பேப்பர் கம்பனி வானத்தில் நின்றது. பங்கு எடுக்காதவர்களும் ஓடி வந்து எடுத்தார்கள். ஒரு பேப்பர், வெறும் பேப்பர், உறுதியாகிவிட்டது.

பொதுக்கூட்டம் புத்தளத்தில் ஒரு கலியாண மண்டபத்தில் நடந்தது. நான் பங்குதாரர், முன் வரிசை. வடையும் சோடாவும் அங்கேதான். ஹாஜியார் மேடையில், ஆசிரியர் அவருக்குப் பக்கத்தில். இரண்டாவது த்ரீவீலர் வாங்குவதைப் பற்றிப் பேசத் தொடங்கும்போது பின் வரிசையில் பெரிய வாப்பா எழுந்து நின்றார். வெள்ளைச் சாரம், வெள்ளைச் சேட், பெருநாள் உடுப்பு. அவர் பகிடி இல்லாமல் பேசி நான் கேட்ட முதல் தரம் அது.

“நான் பங்கு எடுக்கல்ல. ஒத்துக்கொள்றன். ஆனா அது என்ட வளவு. அந்தக் கிணத்த நானும் என்ட வாப்பாவும் வெட்டினது. பொடியன்ட பேர எடுத்துப்போட்டு வெள்ளையா விடுங்கோ, போதும். என்ட பேரக்கூடப் போட வேணாம்.”

ஆசிரியர் குனிந்து தன் விரல்நகத்து மையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ஹாஜியார் கெட்டவர் இல்லை. குரலைத் தாழ்த்தித்தான் சொன்னார். “நானா, விளங்குது. ஆனா ஒண்டத் திருத்தினா, நாளைக்கு நூறு பேர் திருத்தச் சொல்லுவாங்கள். திருத்தின படத்த அதிகாரி எடுப்பாரா? ஒரு கிழமைக்கு ஒரு ஊர் எண்டா என்ன உறுதி?” பிறகு அந்த இறுக்கத்தைத் தளர்த்த வேண்டும் என்று நினைத்தாரோ என்னவோ, முன் வரிசையைப் பார்த்துச் சிரித்தார். “சரி, காணிக்காரன்டயே கேப்பம். மகன், எழும்பு. உன்ட வீட்ட அழிக்கச் சொல்றார் பெரிய வாப்பா. சம்மதமா?”

நான் எழும்பினேன். இருநூறு பேர் என்னைப் பார்த்தார்கள். ஓம் என்று ஒரு சொல் சொல்லியிருந்தால் போதும். உங்களுக்கு என்னைத் தெரியும். இருநூறு பேர் பார்க்கும்போது எனக்கு ஒரு சொல் போதாது.

“அழிக்கத் தேவையில்ல,” என்றேன். “பெரிய வாப்பாக்கு நான் வாடகைக்குத் தாறன்.”

மண்டபம் வெடித்தது. ஹாஜியார் மேசையில் அடித்துச் சிரித்தார். வாப்பா சிரித்தார். ஆசிரியர்கூட வாயைப் பொத்திக்கொண்டார். நான் திரும்பிப் பார்த்தேன். பெரிய வாப்பாவும் சிரித்துக்கொண்டிருந்தார். வழக்கம் போல எல்லோருக்கும் பிந்தித் தொடங்கி, எல்லோரும் நிறுத்திய பிறகும் கொஞ்சம் சிரித்தார். பிறகு சாரத்தை ஒதுக்கிக்கொண்டு உட்கார்ந்தார். ஹாஜியார் த்ரீவீலருக்குத் திரும்பினார்.

அதைவிட நன்றாக எடுபட்ட ஒரு பகிடியை நான் இன்றுவரை விட்டதில்லை.

ஊருக்குப் போனது ஒரு காலையில், மூன்று பஸ்களில். காட்டுப் பாதையின் செம்மண் பஸ்ஸுக்குள் வந்து எல்லோருடைய வெள்ளைத் தொப்பியையும் ஒரே நிறமாக்கியது. இறங்கிய இடத்தில் ஊரைக் காணவில்லை. முள்ளும் விண்ணாங்கு மரமும், நடுவில் பள்ளிவாசலின் ஒரு சுவர். அவ்வளவுதான். ஊராட்கள் பேப்பரை விரித்து வைத்துக்கொண்டு அப்படியும் இப்படியும் திருப்பித் திருப்பிப் பார்த்தார்கள். ஐந்தாவது ஒழுங்கைக்காரர்கள் ஒரே இடத்தைச் சுற்றிச் சுற்றி வந்தார்கள்.

பெரிய வாப்பா கையில் ஒன்றும் இல்லை, ஒரு கத்தியைத் தவிர. பள்ளிச் சுவரில் முதுகை வைத்து நின்று, கிழக்கே எட்டு வைத்து எண்ணிக்கொண்டு போனார். நான் பின்னால் போனேன். ஓரிடத்தில் நின்று முள்ளை வெட்டினார். கட்டு உடைந்த கிணறு. ஒரு கல்லைப் போட்டார். கொஞ்சம் பொறுத்துச் சத்தம் வந்தது.

“தண்ணி இருக்கு முதலாளி,” என்றார்.

அதிகாரி கையில் நம் பேப்பரும் ஒரு பதிவுப் புத்தகமுமாக வீடு வீடாக, அதாவது முள் முள்ளாக, வந்தார். வரும்போதே எல்லோருக்கும் உரக்கச் சொல்லிவிட்டார்: “படத்தில ஒரு பிழை எண்டு ஒராள் சொன்னாலும் நான் இதப் பாவிக்க ஏலாது. பிறகு எல்லாரும் உறுதி கொண்டுவர வேண்டியதுதான்.” அந்தச் சொல்லோடு ஊரே வாயை மூடிக்கொண்டது. எங்கள் கிணற்றடிக்கு அவர் வந்தபோது, பின்னால் ஐம்பது அறுபது பேர் வந்து நின்றார்கள். ஹாஜியார் நின்றார், ஆசிரியர் நின்றார். எல்லோரும் பெரிய வாப்பாவின் வாயைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

அதிகாரி பேப்பரைப் பார்த்து என் பெயரை வாசித்தார். “ஆர் இது?”

வாப்பா ஏதோ சொல்ல வாயைத் திறந்தார். பெரிய வாப்பா முந்திக்கொண்டார். என் தோளில் கை வைத்து, “இவர்தான் சேர்,” என்றார். “இவர்ட வளவு.”

“அப்ப நீங்க?”

“நான் இவர்ட வளவில வாடகைக்கு இருக்கப்போறவன்.”

அதிகாரி சிரித்தார். பின்னால் நின்றவர்களும் சிரித்தார்கள். மண்டபத்தில் சிரித்த மாதிரி இல்லை, மூச்சு விட்ட மாதிரி. பதிந்துவிட்டு அடுத்த முள்ளுக்குப் போனார்கள். தோளில் இருந்த கை அப்படியே இருந்தது. முள் கிழித்து, பெருவிரலில் இரத்தம். என் சேட்டில் பட்ட கறை துவைத்தும் போகவில்லை; உம்மா அதைக் கிழித்துச் சட்டி பிடிக்கும் துணியாக்கினார்.

பேப்பர் கம்பனியைத் தின்றது எதிரிகள் இல்லை. ஊர்தான் தின்றது. ஒரு குடும்பம் திரும்பிப்போனால் ஒரு வாசகர் குறைவார். ஊருக்குப் போனவனுக்கு ஊர்ச் செய்தி எதற்கு? வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்தால் தெரிகிறது. போகாதவர்களுக்கோ ஊர் என்ற பேச்சே வலித்தது. ஐந்தாவது ஒழுங்கைக்காரர்கள் கந்தோருக்கு வந்து, பேப்பரை மேசையில் விரித்து, “எங்கட வீட்டக் காட்டுங்கோ ஆசிரியர்,” என்று கேட்டுக்கொண்டு நின்றார்கள். அவர் தேத்தண்ணி வாங்கிக் கொடுப்பார். கிழமைக்கு ஒன்று மாதம் ஒன்றானது, மாதம் ஒன்று நோன்புக்கு ஒன்றானது. மெஷினை இரும்புக்காரர் துண்டு துண்டாகக் கழற்றிக்கொண்டு போனார். தையல்காரரின் ஊசி நேரானது. த்ரீவீலரின் பக்கத்தில் நம் கம்பனிப் பெயர், மேலே அடித்த பெயின்டுக்குள்ளால் இன்னும் கொஞ்சம் தெரிகிறது. நீங்கள் அதில் ஏறியிருப்பீர்கள். பச்சைப் பலகை ஹாஜியார் வீட்டு ஆட்டுக் கொட்டிலுக்குக் கூரை. ஆசிரியர் பஸ்களுக்கு ஊர்ப்பெயர்ப் பலகை எழுதிக் கொடுத்துக்கொண்டிருந்தார், கடைசிவரைக்கும்.

கந்தோர் மூடிய நாளில் விற்காத பேப்பர் ஒரு மலை கிடந்தது. பெரிய வாப்பா தன் சாமான்களோடு ஊருக்குப் புறப்பட்டுக்கொண்டிருந்தார். “எரிக்காதீங்கோ, எனக்குத் தாங்கோ,” என்று ஆசிரியரிடம் வாங்கி, இரண்டு உரப்பையில் கட்டிக்கொண்டார். பங்கு எடுக்காத மனிதர். கம்பனியில் மிஞ்சிய முழுச் சொத்தும் அவரிடம்தான் போனது.

நான்கு மாதம் கழித்து மன்னார் பஸ்ஸின் கண்டக்டர் நம் கடைத்தெருவில் இறங்கி என் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். ஒரு பை. பையின் கழுத்தில் கட்டிய மட்டையில் பெரிய எழுத்தில், ‘முதலாளி அவர்களுக்கு. வாடகை.’ உள்ளே முருங்கைக்காயும் கத்தரிக்காயும், நம் பழைய பேப்பரில் சுற்றியது. உம்மா சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்தார். நான் உடனே கொப்பியில் ஒரு தாள் கிழித்துப் பற்றுச்சீட்டு எழுதினேன்: ‘பெற்றுக்கொண்டேன். கத்தரிக்காயில் புழு. அடுத்த மாதம் கவனிக்கவும்.’ அடுத்த மாதப் பையின் மட்டையில் பதில் வந்தது: ‘புழுவுக்கு வேறாக வாடகை கேட்கவில்லை.’

வாப்பா மட்டும் பையைத் தொடமாட்டார். முருங்கைக்காய்க் கறி வைத்தால் அன்று அவருக்குப் பசி இருக்காது.

ஏனென்று எனக்குப் பிந்தித்தான் விளங்கியது. திரும்பிப்போனவர்களுக்குக் கல்வீடு கட்டிக் கொடுத்தார்கள். பதிவில் பெயர் இருந்தவர்களுக்கு. பெரிய வாப்பாவின் பெயர் எந்தப் பதிவிலும் இல்லை. பதிவில் இருந்த காணிக்காரனுக்கோ மீசை முளைக்கவில்லை. பதினெட்டு வரட்டும், பெயரை மாற்றுவோம் என்று வாப்பா சொன்னார். ஒரு பள்ளி விடுமுறைக்குப் போனேன். சுற்றிவர ஓட்டுக் கூரைகள்; நடுவில் நீலத் தறப்பாள் போட்ட ஒரு கொட்டில். ஆனால் வளவைப் பார்க்க வேண்டுமே! பாத்தி பாத்தியாக மிளகாய், கட்டி முடித்த கிணறு, துலா. படத்தில் இருந்த மாதிரியே துலா. அன்று மழை பெய்தது. மூன்று இடத்தில் சட்டி வைத்தார்.

“முதலாளி, கூரை ஒழுகுது,” என்றார், முகத்தை மரக்கட்டையாக்கிக்கொண்டு.

“அடுத்த மாசம் பாப்பம்,” என்றேன் நான், வீட்டுக்காரன் குரலில்.

நாங்கள் இரண்டு பேரும் விழுந்து விழுந்து சிரித்தோம். சட்டிகள் நிறைந்துகொண்டிருந்தன.

பதினெட்டு வந்தது. பெயர் மாற்ற வேண்டுமானால், படத்தில் பிழை நடந்தது என்று பேப்பர் கம்பனி கடிதம் தர வேண்டும் என்றார்கள். கம்பனி இல்லை. ஆசிரியர் கையெழுத்து வைக்க ஓடி வந்தார். இல்லாத கம்பனியின் கையெழுத்து செல்லாதாம். அப்படியானால் காணிக்காரர் நேரில் வந்து சத்தியக் கடதாசி எழுதித் தரலாம், அதுக்குப் பிறகு இரண்டு மூன்று தரம் வர வேண்டி இருக்கும் என்றார்கள். காணிக்காரருக்குக் கொழும்பில் போன் கடையில் வேலை கிடைத்திருந்தது. பெருநாள் லீவுக்குப் போவம் என்றார் காணிக்காரர். மூன்று பெருநாள் வந்து போனது. பை மட்டும் ஒரு மாதமும் தவறவில்லை. ஆலங்குடாவுக்கு வரும், உம்மா போனில் சொல்வார், நான் போனிலேயே ஒரு பகிடிப் பற்றுச்சீட்டு சொல்வேன், உம்மா எழுதி அனுப்புவார்.

ஒரு மாரிக் காலையில் வாப்பா எனக்குப் போன் எடுத்தார். வாப்பா போன் எடுப்பதே இல்லை.

நாங்கள் போய்ச் சேர லுஹர் தொழுகை முடிந்திருந்தது. பெரிய வாப்பாவின் ஜனாஸாவைக் குளிப்பாட்டியது அந்தக் கிணற்றுத் தண்ணீரில். சுமந்துகொண்டு போனவர்களில் ஹாஜியார் ஒரு பக்கம். அவர் அழுதுகொண்டே வந்தார். நல்லடக்கம் முடிந்து கொட்டிலுக்குத் திரும்பினோம். வாப்பா உள்ளே வரவில்லை, துலாவைப் பிடித்துக்கொண்டு நின்றார். உள்ளே பாய், தலையணை, காய்ந்த மூன்று சட்டி. உரப்பை ஒன்றில் மிச்சப் பேப்பர். கூரை தாங்கும் கப்பு மரத்தில் கொழுவியிருந்தது பை.

மாதம் முடிய இன்னும் நான்கு நாள் இருந்தது. அவர் முந்தியே கட்டி வைத்துவிட்டார்.

நான் அவிழ்த்தேன். நாடகங்களில் என்றால் அந்தக் காய்களைப் படம் வந்த பக்கத்தில் சுற்றியிருப்பார்கள். இது ஹாஜியாரின் அரிசி விளம்பரம். முருங்கைக்காய் வாடாமல் இருந்தது. மட்டையில் வழக்கமான எழுத்து, ‘முதலாளி அவர்களுக்கு. வாடகை.’ அதற்குக் கீழே சின்னதாக இன்னொரு வரி: ‘கூரை ஞாபகம் இருக்கட்டும்.’

சோட்டுக்காரர்களே, அடுத்த கலியாண வீட்டில் இந்தக் கதையை நீங்கள் கேட்பீர்கள், எனக்குத் தெரியும். மண்டபமும் வடையும் வாடகையும் வரைக்கும் சொல்வேன். கூரை வரைக்கும் சொல்ல எனக்கு வராது.